கடைமடைச் செய்தி

செய்தி வாசிப்பவர்களின் கதையை எழுதுகிறவர்கள் தில்லியில் தொடங்கிச் சென்னையில் முடித்துவிடுகிறார்கள். பூர்ணம் விஸ்வநாதன், சரோஜ் நாராயணசுவாமி, ஷோபனா ரவி, பாத்திமா பாபு, நிர்மலா பெரியசாமி என்று பெயர்கள் வரும். எல்லாமே நான் வணங்குகிற பெயர்கள். ஆனால் தொண்ணூறுகளின் நடுவிலிருந்து பதினைந்து இருபது வருஷம், தமிழ்நாட்டின் தாலுகா ஊர்களில் கேபிள் கண்ட்ரோல் ரூமை ஒட்டிய சின்ன அறைகளில் உட்கார்ந்து, சுற்றியுள்ள நாற்பது ஐம்பது கிராமத்துக்கு மட்டும் கேட்கும்படி செய்தி வாசித்த பெண்கள் நூற்றுக்கணக்கில் இருந்தார்கள். அவர்களைப் பற்றி எங்கும் ஒரு வரி கிடையாது. நான் அவர்களில் ஒருத்தி. அறந்தாங்கியில் ஓர் உள்ளூர் சேனலில் வாசித்தேன். அந்தத் தொழில் எங்கள் புதுக்கோட்டைச் சீமைக்கு எப்படி வந்தது, எப்படிப் போனது என்பதை எனக்குத் தெரிந்தவரை எழுதிவைக்க வேண்டும் என்று தோன்றியது.

எங்கள் பக்கத்துக்குச் செய்தி முதலில் வெறும் குரலாகத்தான் வந்தது. 1939 மே 16இல் திருச்சி வானொலி நிலையம் தொடங்கியபோது புதுக்கோட்டை தொண்டைமான்களின் சமஸ்தானமாக இருந்தது. 1948 மார்ச் 3இல் சமஸ்தானம் இந்திய ஒன்றியத்தில் இணைந்து திருச்சி மாவட்டத்தோடு சேர்ந்தது. தனி மாவட்டமானது 1974 ஜனவரி 14இல். ராஜா போய் கலெக்டர் வந்தார். செய்தி வந்த திசை மட்டும் மாறவில்லை. தில்லியில் வாசித்த தமிழ்ச் செய்தியைத் திருச்சி வாங்கி எங்களுக்குக் கொடுத்தது. 1947இல் சுதந்திரம் வந்த சேதியைத் தில்லி வானொலியில் தமிழில் வாசித்தவர் பூர்ணம் விஸ்வநாதன். பின்னாளில் சினிமாவில் அவரை அப்பாவாகவும் தாத்தாவாகவும் பார்த்துச் சிரித்த தலைமுறைக்கு அது தெரியாது. என் அப்பாவுக்குத் தெரியும். படத்தில் அவர் பேச ஆரம்பித்ததுமே, "இந்த மனுசன்தான்டா சுதந்திரத்தைச் சொன்னது" என்பார்.

பஞ்சாயத்து ரேடியோ இருந்த ஊர்களில் சாயங்காலம் ஒலிபெருக்கி அடியில் கூட்டம் கூடும். நான் சிறுமியாக இருந்தபோது அந்த ஒலிபெருக்கியில் கேட்டது சரோஜ் நாராயணசுவாமியின் குரல். பம்பாயில் பிறந்து தில்லியில் வேலை பார்த்த ஒருவர், முப்பது வருஷத்துக்கும் மேல் தமிழ்ச் செய்தியின் குரலாக இருந்தார். 2022 ஆகஸ்டில் மும்பையில் இறந்தார். அவர் வாசிப்பில் எனக்கு எப்போதும் பிடித்தது, சோகச் செய்திக்கென்று குரலைத் தாழ்த்தாததுதான். சாவையும் சாகுபடியையும் ஒரே நேர்மையோடு சொல்வார். கேட்கிறவர் துக்கப்படுவதா வேண்டாமா என்பதைக் கேட்கிறவரிடமே விட்டுவிடுவார். இதை நான் பிறகுதான் புரிந்துகொண்டேன், ஆனால் கற்றுக்கொண்டது அந்த ஒலிபெருக்கிக்குக் கீழேதான்.

படம் வந்த கதை வேறு. சென்னையில் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15இல் தொடங்கியது. எங்களுக்கு அதனால் ஒன்றும் ஆகவில்லை. சென்னை அலை இங்கே எட்டாது. எங்களுக்கு முதலில் கிடைத்தது இலங்கை. 1982 பிப்ரவரி 15இல் ரூபவாஹினி தொடங்கியது. பீதுருதாலகால மலை உச்சியிலிருந்து அது அனுப்பிய அலை பாக் நீரிணையைத் தாண்டி கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினம், மணமேல்குடிக் கரைக்கு வந்தது. கடல்மேல் அலைக்குத் தடை இல்லை. அப்பா அறந்தாங்கியில் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தார். சோலிடேரோ டயனோராவோ டி.வி. வாங்கிய வீட்டுக்கு இரும்புக் குழாயை மூன்று துண்டாகச் சேர்த்து, நான்கு பக்கமும் கம்பி இழுத்துக் கட்டி, உச்சியில் ஆண்டெனாவும் பூஸ்டரும் மாட்டிவிட்டு வருவார். மாடியில் ஒருவர் குழாயைத் திருப்ப, கீழே ஒருவர் "தெரியுது, தெரியுது, போச்சு" என்று கத்துவார். சிங்களத்தில் நாடகம், இங்கிலீஷில் கிரிக்கெட். நடுவில் தமிழில் செய்தி.

அந்தத் தமிழ்ச் செய்தி இங்கே சும்மா பார்க்கப்பட்டதல்ல. 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து படகில் வந்தவர்கள் எங்கள் மாவட்டத்தில் தோப்புக்கொல்லை, லேணாவிளக்கு, அறந்தாங்கிக்குப் பக்கத்தில் அழியாநிலை ஆகிய முகாம்களில் குடியமர்ந்தார்கள். யாழ்ப்பாணத்தில் என்ன நடந்தது என்று அரசாங்கத் தொலைக்காட்சி முழுதாகச் சொல்லாது என்பது அவர்களுக்குத் தெரியும். இருந்தும் கடை வாசலில் நின்று பார்ப்பார்கள். சொன்னதைவிடச் சொல்லாமல் தாண்டியதை அவர்கள் கவனிப்பார்கள். வாசிக்கிறவரின் கண் எங்கே தாழ்கிறது, எந்த ஊர்ப் பெயரில் மூச்சு தட்டுகிறது என்று பார்ப்பார்கள். இரவு தமிழோசையில் பி.பி.சி. என்ன சொன்னது என்று ஒப்பிட்டுக்கொள்வார்கள். இப்படிக் கவனமாகச் செய்தி பார்த்த மனிதர்களை அதற்குப் பிறகு நான் கண்டதில்லை.

எண்பதுகளின் பிற்பகுதியில் கொடைக்கானல் கோபுரத்தின் அலை எங்களுக்குக் கிடைத்தது. அப்பா மறுபடியும் ஒவ்வொரு மாடியாக ஏறினார். கடல் பக்கம் பார்த்துக்கொண்டிருந்த ஆண்டெனாக்களை எல்லாம் மேற்கே மலைப் பக்கம் திருப்பினார். சிலர் இரண்டு ஆண்டெனா வைத்துக்கொண்டார்கள். தெற்கத்தி மாவட்டங்களுக்குச் சென்னையின் முகம் தெரிந்தது அப்போதுதான்.

அந்த முகங்களில் முதலாவது ஷோபனா ரவி. அவரது புடவையைப் பற்றி எல்லாரும் எழுதிவிட்டார்கள். உண்மைதான், மறுநாள் ஜவுளிக்கடையில் அதைக் கேட்டவர்கள் இருந்தார்கள். ஆனால் நான் பார்த்தது அவர் தாளிலிருந்து தலையைத் தூக்குகிற விதத்தை. அப்போது கண்ணுக்கு நேரே எழுத்து ஓடும் டெலிப்ராம்ப்டர் கிடையாது, கையில் தாள்தான். குனிந்து வாசிப்பார்கள், வாக்கியத்தின் முடிவை மனதில் வாங்கிக்கொண்டு நிமிர்ந்து நம்மிடம் சொல்வார்கள். எந்த இடத்தில் நிமிர்வது என்பதில்தான் கைத்திறன் இருக்கிறது. பெயரில் நிமிரக் கூடாது, எண்ணில் நிமிரக் கூடாது, வினைமுற்றில் நிமிர வேண்டும். ஷோபனா ரவி ஒரு தடவைகூடத் தவறான இடத்தில் நிமிர்ந்து நான் பார்த்ததில்லை. சந்தியா ராஜகோபால், வரதராஜன் ஆகியோரும் அந்த மேசையில் இருந்தார்கள். கவிஞர் ஈரோடு தமிழன்பனும் அங்கே செய்தி வாசித்தவர்தான். அதே மேசையில் வாசித்த எச். ராமகிருஷ்ணன் குழந்தைப் பருவத்திலேயே போலியோவால் கால்கள் பாதிக்கப்பட்டவர். மேசைக்கு மேலே மட்டுமே தெரிந்ததால் வெகுகாலம் அது பலருக்குத் தெரியவில்லை. தெரிந்தபோது அவர்மேல் மதிப்பு கூடியது.

தினத்தந்தியை விரித்துவைத்துக்கொண்டு கடைக்குப் பின்னால் நானும் வாசித்துப் பழகினேன். அப்பா திருத்துவார். அவருக்கு இலங்கை வானொலி கேட்ட காது. ல, ள, ழ மூன்றும் தனித்தனியாக விழாவிட்டால் சாலிடரிங் கோலை வைத்துவிட்டு நிமிர்ந்து பார்ப்பார். ஒன்றும் சொல்ல மாட்டார். நான் மறுபடி வாசிப்பேன்.

தனியார் செய்தி என்பது முதலில் கேசட்டாக வந்ததை இன்றைய பிள்ளைகள் நம்ப மாட்டார்கள். 1990இல் கலாநிதி மாறன் 'பூமாலை' என்ற வீடியோ இதழை நடத்தினார். வி.எச்.எஸ். கேசட்டில் செய்தி, வாடகைக்கு எடுத்து வி.சி.ஆரில் போட்டுப் பார்க்க வேண்டும். திருட்டுப் பிரதிகளால் அது நீடிக்கவில்லை. 1993 ஏப்ரல் 14இல் சன் டிவி வந்தது. அதைப் பிடிக்கப் பெரிய குடை ஆண்டெனா வேண்டும். வீட்டுக்கு வீடு அதை வாங்க முடியாது. ஒருவர் வாங்கி, தெருத் தெருவாக, மரத்துக்கு மரம் ஒயர் இழுத்து, மாதம் இவ்வளவு என்று வசூலித்தார். கேபிள்காரர் என்ற தொழில் இப்படிப் பிறந்தது. 1995இல் மத்திய அரசு கேபிள் தொலைக்காட்சிச் சட்டம் கொண்டுவந்தது. கேபிள்காரர் தலைமைத் தபால் நிலையத்துக்குப் போய், தபால் அதிகாரியிடம் பதிவு செய்துகொள்ள வேண்டியிருந்தது. தொலைக்காட்சி நடத்துகிற உரிமை தபால் நிலையத்து ஜன்னலில் கிடைத்தது. ஒயர் தன் கையில் இருக்கும்போது காலியாக இருக்கும் ஒரு அலைவரிசையில் தன் ஊரையே காட்டினால் என்ன என்று பல கேபிள்காரர்களுக்குத் தோன்றியது. உள்ளூர் சேனல் வந்த வழி இதுதான். அதைத் திட்டம் போட்டு யாரும் உண்டாக்கவில்லை.

பகலில் இரண்டு பழைய படம், சாயங்காலம் பாட்டு, கீழே ஓடும் வரியில் கண்ணீர் அஞ்சலியும் காதணி விழாவும். ஏழு மணிக்கு அரை மணி நேரம் செய்தி. காலையில் அதே செய்தி மறு ஒளிபரப்பு. நான் ஒரு டி.டி.பி. சென்டரில் தட்டச்சு வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். செய்தித் தாளை அடித்துக் கொடுக்கப் போன இடத்தில் வாசிக்கவும் சொன்னார்கள். ஒரு செய்திக்கு இருபத்தைந்து ரூபாய். பின்னால் நீலத் துணி, முன்னால் ஒரு மேசை, தலைக்கு மேல் கல்யாண வீட்டு வீடியோ லைட். அந்தச் சூட்டில் மின்விசிறி போட முடியாது, சத்தம் மைக்கில் விழும். தோளில் வைக்கிற வி.எச்.எஸ். கேமரா எடுத்த படத்தை இரண்டு வி.சி.ஆரை இணைத்து வெட்டி ஒட்டுவார்கள். கல்யாண சீசனில் கேமராமேன் கிடைக்க மாட்டார். அன்றைக்குச் செய்தி முழுக்க என் முகம்தான்.

என்ன செய்தி என்று கேட்பீர்கள். திங்கட்கிழமை கலெக்டர் அலுவலகத்தில் குறைதீர் நாள். யார் எந்த ஊரிலிருந்து என்ன மனு கொண்டுவந்தார்கள் என்று பெயரோடு சொல்வோம். கடலுக்குப் போய் இலங்கைக் கடற்படையிடம் சிக்கிய ஜெகதாப்பட்டினத்துப் படகின் எண்ணைச் சொல்வோம். சென்னைச் செய்தியில் "புதுக்கோட்டை மீனவர்கள்" என்று ஒரே சொல்லாகப் போகிறவர்கள் எங்கள் செய்தியில் இன்னார் மகன் இன்னார். கொன்னையூர், நார்த்தாமலை, திருவப்பூர் மாரியம்மன் திருவிழாக்கள். எந்தத் தடத்தில் டவுன்பஸ் நின்றுபோயிற்று. எந்தப் பள்ளியில் கணக்கு வாத்தியார் இல்லை.

எல்லாவற்றிலும் பெரிய செய்தி தண்ணீர். மேட்டூர் அணை வழக்கமாக ஜூன் 12இல் திறக்கும். அதைத் தூர்தர்ஷனும் சொல்லும், சன்னும் சொல்லும், மந்திரி பூத்தூவுகிற படத்தோடு. கல்லணையில் திறப்பதையும் சொல்வார்கள். அதோடு அவர்களுக்குச் செய்தி முடிந்துவிடும். கல்லணைக் கால்வாய் 1934இல் வந்தது, கிட்டத்தட்ட 150 கிலோமீட்டர் நீளம். தஞ்சாவூர் மாவட்டத்தைக் கடந்து கடைசியாக நாகுடிப் பக்கம் வந்து எங்கள் ஏரிகளில் விழுகிறது. நாங்கள் கடைமடை. மேலே திறந்த தண்ணீர் இங்கே வருமா, எப்போது வரும் என்பதில்தான் நாற்று விடுவதா வேண்டாமா என்பது இருக்கிறது. நாகுடிக்குத் தண்ணீர் வந்த நாளை இந்த உலகத்தில் எந்தத் தொலைக்காட்சியும் சொல்லவில்லை. நாங்கள் சொன்னோம். கேமராமேன் கரையில் நின்று, நுரையும் சருகுமாக முதல் தண்ணீர் வருவதைப் படம் எடுத்து வருவார். அதை வாசிக்கிற அன்று மட்டும், சரோஜ் அம்மா சொல்லிக்கொடுத்த பாடத்தை மீறி, என் குரலில் சந்தோஷம் இருந்தது. இருக்கட்டும் என்றே வாசித்தேன்.

சந்தையில் ஒரு கிழவி கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்: "ஏத்தா, நீதானே செய்தி படிக்கிறவ? எங்க கண்மாய்க்கு எப்பத்தா வரும்?" அவளுக்கு நான் பொதுப்பணித் துறை மாதிரி. தெரிந்ததைச் சொன்னேன். தெரியாததை மறுநாள் விசாரித்துச் செய்தியில் சொன்னேன். அழியாநிலை முகாமிலிருந்து வந்த ஓர் அம்மா, வேறு ஏதோ அறிவிப்புக்கு எழுதிக் கொடுக்க வந்தவர், போகிற போக்கில், "பிள்ளை, நீ ஊர்ப் பேரெல்லாம் வடிவாச் சொல்லுறாய்" என்றார். அப்பா அன்றைக்கு ரொம்ப நேரம் அதையே சொல்லிக்கொண்டிருந்தார்.

ஊர்ப் பெயர்களில் நான் பிடிவாதமாக இருந்தேன். கறம்பக்குடியில் வல்லின ற. எழுதிக் கொடுக்கிறவர்கள் சின்ன ர போடுவார்கள். நான் திருத்தித்தான் வாசிப்பேன். ஆவுடையார்கோயில், மிமிசல், ஏம்பல், வடகாடு என்று ஒவ்வொன்றையும் அந்த ஊர்க்காரர் சொல்வதைக் கேட்டுப் பிறகுதான் மைக்கில் சொல்வேன். 2017 பிப்ரவரியில் ஹைட்ரோகார்பன் திட்டத்துக்கு எதிராக நெடுவாசல் எழுந்தபோது, தில்லிச் சேனல்கள் அந்தப் பெயரை என்ன பாடு படுத்தின என்று பார்த்திருப்பீர்கள். நாங்கள் அதை வருஷக்கணக்காக உரம், பலா, தேங்காய் விலைச் செய்திகளில் சரியாகச் சொல்லிக்கொண்டிருந்தோம்.

நிர்மலா பெரியசாமி சன் டிவியில் வணக்கத்தை நீட்டிச் சொன்ன காலத்தில் எங்கள் முதலாளியும் என்னை அப்படிச் சொல்லச் சொன்னார். நான் மறுத்துவிட்டேன். அது அவர் உண்டாக்கிய முத்திரை, அவருக்கு அழகு. தமிழ்நாடு முழுவதற்கும் சொல்கிற வணக்கம் நீளலாம். பக்கத்துத் தெருவுக்குச் சொல்கிற வணக்கம் அவ்வளவு நீளத் தேவையில்லை.

2006இல் கலைஞர் அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சி கொடுக்கத் தொடங்கியது. ஐந்து வருஷத்தில் ஒரு கோடிக்கும் மேற்பட்ட வீடுகளுக்குப் போனது. அதை அரசியலாகப் பார்த்துப் பேசியவர்களே அதிகம். உள்ளூர் சேனலுக்கு அதுதான் பொற்காலம். அதுவரை டீக்கடையிலும் பெரிய வீட்டுத் திண்ணையிலும் நின்று செய்தி பார்த்த பெண்கள் தங்கள் வீட்டுக்குள் உட்கார்ந்து பார்த்தார்கள். சேனலுக்கு வந்த மனுக்களில் பெண்கள் எழுதியவை கூடியதை நான் கண்ணால் கண்டேன்.

உள்ளூர் சேனல் என்ற இடம் எவ்வளவு பெரிய காரியத்தைச் செய்ய முடியும் என்பதற்கு கோயம்புத்தூரைச் சொல்ல வேண்டும். 2014 ஆகஸ்ட் 15 அன்று அங்கே லோட்டஸ் நியூஸ் சேனலில் பத்மினி பிரகாஷ் இரவு ஏழு மணிச் செய்தி வாசித்தார். திருநங்கை ஒருவர் நாள்தோறும் தொலைக்காட்சிச் செய்தி வாசிப்பது இந்தியாவில் அதுவே முதல் தடவை என்று பத்திரிகைகள் எழுதின. மூன்றாம் பாலினத்தை அங்கீகரித்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு அதற்கு நான்கு மாதம் முன்பு, ஏப்ரல் 15இல் வந்திருந்தது. சின்ன வயதிலேயே வீட்டை விட்டு வெளியேற நேர்ந்தவர் அவர், பரதநாட்டியம் கற்றவர், பி.காம். படிப்பைப் பாதியில் விட வேண்டியிருந்தது. தீர்ப்பை எல்லாப் பெரிய சேனலும் வாசித்தன. வாசிக்கிற நாற்காலியைக் கொடுத்தது கோயம்புத்தூர்ச் சேனல். அன்று நான் வேலையை விட்டிருந்தேன். இருந்தும் அந்தப் புகைப்படத்தைப் பத்திரிகையிலிருந்து வெட்டி வைத்துக்கொண்டேன். அவர் உட்கார்ந்திருந்த விதத்தில், தாளைப் பிடித்திருந்த கையில், எங்கள் தொழிலின் முழு மரியாதையும் இருந்தது.

எங்கள் சேனல் நின்றதற்கு ஒரு காரணம் மட்டும் இல்லை. 2011 செப்டம்பரில் அரசு கேபிள் மாதம் எழுபது ரூபாய்க்கு வந்தது. மக்களுக்கு அது நல்லது, நான் மறுக்க மாட்டேன். ஆனால் ஒயர் கேபிள்காரர் கையை விட்டுப் போனதும், உள்ளூர் சேனலுக்கு இடம் கொடுப்பதும் கொடுக்காததும் வேறிடத்து முடிவாயிற்று. கட்டணம் கட்ட முடிந்தவர்கள் நீடித்தார்கள். 2017இல் செட்டாப் பாக்ஸ் வந்தபோது மிச்சமிருந்தவற்றிலும் பல போயின. புதிய தலைமுறை போன்ற இருபத்து நான்கு மணி நேரச் செய்திச் சேனல்கள் 2011இலிருந்து மாவட்டச் செய்தியும் சொல்லத் தொடங்கின. விளம்பரம் கொடுத்த நகைக்கடைக்காரர்கள் அந்தப் பக்கம் போனார்கள். பிறகு கைபேசி. இன்று எங்கள் பக்கத்தில் மைக் பிடித்துச் செய்தி சொல்லும் இளைஞர்கள் நிறைய இருக்கிறார்கள். அவர்களில் சிலர் நன்றாகவே செய்கிறார்கள். ஆனால் விரைவாகச் சொல்ல வேண்டும் என்ற பதற்றத்தில், மேலே திறந்த தண்ணீர் எங்கே வரைக்கும் வந்தது என்று தினமும் தொடர்ந்து சொல்கிற பொறுமை போய்விட்டது.

2018 நவம்பர் 16 அதிகாலையில் கஜா புயல் எங்கள் மாவட்டத்தைப் புரட்டிப் போட்டது. ஆலங்குடி, கீரமங்கலம், வடகாடு, அறந்தாங்கி என்று தென்னையும் பலாவும் வேரோடு கிடந்தன. மின்கம்பங்கள் விழுந்து பல கிராமங்கள் வாரக்கணக்கில் இருட்டில் இருந்தன. முதல் சில நாள் சென்னைச் சேனல்களில் நாகப்பட்டினமும் வேதாரண்யமுமே இருந்தன. அங்கே சேதம் பெரிது, சொன்னது சரிதான். இங்கே சேதம் வெளியே தெரியத் தாமதமானது, அதனால் நிவாரணமும் தாமதமானது என்ற கோபம் இன்றும் இருக்கிறது. மின்சாரம் இல்லாதபோது எங்கள் சேனல் இருந்திருந்தாலும் ஓடியிருக்காது. ஆனால் மனு எழுதி வாங்கிப் பழகிய ஆட்கள், எந்த ஊரில் எத்தனை கூரை என்று கேட்டுக் குறித்துக்கொள்கிற கை, அவை ஊருக்குள் இருந்திருக்கும். அந்தப் பழக்கத்தைத்தான் நாங்கள் இழந்தோம். சேனல் போனதைவிட எனக்கு வலிப்பது அது.

எங்கள் செய்திகளின் பதிவு என்று எதுவும் ஒழுங்காக இல்லை. கேசட் விலை அதிகம் என்பதால் ஒரு வாரம் வைத்துவிட்டு அதன்மேலேயே அடுத்த செய்தியைப் பதிவு செய்வது எல்லாச் சேனலிலும் வழக்கம். தப்பித்தவை கேபிள்காரர்கள் வீட்டுப் பரணிலும், தங்கள் மனு செய்தியில் வந்த நாளைப் பிரதி எடுத்து வைத்துக்கொண்டவர்கள் பீரோவிலும் இருக்கின்றன. புதுக்கோட்டை இப்படிப்பட்டதைக் காப்பாற்றத் தெரிந்த ஊர். திருக்கோகர்ணத்தில் 1910இலிருந்து அருங்காட்சியகம் இருக்கிறது. பா. கிருஷ்ணமூர்த்தியும் டோரதி கிருஷ்ணமூர்த்தியும் தங்கள் சம்பளத்தைப் போட்டு வளர்த்த ஞானாலயா நூலகத்தில் தமிழ்ப் புத்தகங்களின் முதல் பதிப்புகளைப் பார்க்க வெளிநாட்டிலிருந்தும் ஆய்வாளர்கள் வருகிறார்கள். வி.எச்.எஸ். நாடா புத்தகத்தைப் போல நூறு வருஷம் தாங்காது. ஈரம் பட்டால் பூஞ்சை பிடித்து ஒட்டிக்கொள்ளும். அப்பாவின் கடையிலிருந்த ஒரு வி.சி.ஆரை ஹெட் மாற்றி ஓடும் நிலையில் வைத்திருக்கிறேன். மாவட்டத்தில் யாரிடமாவது உள்ளூர்ச் செய்திக் கேசட் இருந்தால் துடைக்காமல், ஓட்டிப் பார்க்காமல், அப்படியே கொண்டுவரச் சொல்லி ஒவ்வொரு ஊராகக் கேட்டுக்கொண்டு வருகிறேன். மணமேல்குடிப் பக்கம் இன்னும் போகவில்லை. அங்கே ஒரு கேபிள்காரர் வீட்டில் ஒரு மூட்டை இருப்பதாகச் சொல்கிறார்கள்.